பிரிண்டில் மழை

ஞாயிறு மதியம் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு
செங்கோட்டையில் என் செல்போன் கடையில் கூடுவோம்.
கழுதுருட்டியிலிருந்து பிரசன்னன் வருவார்,
சோற்றுப் பாத்திரத்துக்கும் குடைக்கும் நடுவே
நாலு டெராபைட்.
ஆரியங்காவு செக்போஸ்ட்டில்
தேக்குக்குச் சீட்டு கேட்பவர் ஒருநாள்
பையைத் துழாவி அதை வெளியே எடுத்தாராம்.
‘இதில் எந்தா?’
‘படமாக்கும்.’
‘எத்தனை?’
‘ஆயிரத்து நூறு.’
உள்ளங்கையில் வைத்து நிறுத்துப் பார்த்தாராம்.
காலியாக இருந்தபோதும்
அதே எடைதான் அது.

எடையை நாங்களும் நம்புவதில்லை.
பதினாலு ஜிபி என்றதும் வாயைப் பிளப்பவன்
இந்தக் கிறுக்குக்குப் புதுசு.
கஞ்சியில் தண்ணீர் விட்டு அண்டாவை நிறைப்பதுபோல்
சின்னப் படத்தை இழுத்துப் பெரிசாக்கி
பெயரில் ‘ஒரிஜினல்’ என்று எழுதுகிற கைகள் உண்டு.

மசூது முதலில் இருட்டைத் திறப்பான்.
நல்ல பிரதியில் இருட்டுக்குள் இன்னோர் இருட்டு இருக்கும்,
கதவுக்குப் பின்னால் நிற்பவனின் தோள் தெரியும்.
மட்டமானதில் கட்டம் கட்டமாகப் பெயர்ந்து வரும்,
காரை உதிர்ந்த சுவர்.
அப்புறம் ஆகாயம்.
அந்தி பட்டை பட்டையாக இறங்கினால், தள்ளு.
அப்புறம் கதாநாயகியின் கன்னம்.
மெழுகாய் வழுக்கினால்
படம் வந்து ஐம்பது வருஷம் கழித்து
எவனோ பவுடர் போட்டிருக்கிறான்.

ரெஜினா திரைப் பக்கம் திரும்புவதேயில்லை.
புனலூரில் நர்ஸ்,
காலைப் பூசையில் பாடிவிட்டு நேரே வருபவள்.
‘அரை சுருதி கூட’ என்பாள் சிப்ஸைக் கடித்தபடி.
நீளத்தைச் சரிபார்த்தால்
இரண்டரை மணிப் படத்தில் ஆறு நிமிஷம் இருக்காது.
யாரும் எதையும் வெட்டவில்லை.
அந்தப் பிரதியில்
எல்லோரும் கொஞ்சம் அவசரமாக வாழ்ந்து
கொஞ்சம் முன்னாலேயே செத்திருப்பார்கள்.

போன வாரம் ஒரு படம், இரண்டு பிரதி.
புளியரை வளைவில் எடுத்த பாட்டு அதில் உண்டு.
ஒன்று டிவியில் பிடித்தது,
மூலையில் சேனல் முத்திரை, ஒன்றரை ஜிபி.
மற்றது புதுசாகத் துலக்கியது.
இலை இலையாகத் தெரிந்தது மலை.
மசூது கைதட்டியே விட்டான்.
நான்தான் கேட்டேன்:
‘இவன் ஏன் வே குடை பிடிச்சிருக்கான்?’

தலைமுடி சொட்டச் சொட்ட,
சேலை காலோடு ஒட்ட,
ரோட்டில் ஓடும் நீரில் வட்டங்கள் விரிய
இருவரும் பாடிக்கொண்டு போகிறார்கள்.
மேலே ஒரு துளி இல்லை.

சின்னதைத் திறந்தோம். கொட்டுகிறது.
‘கீறலு வே, ஓட்டி ஓட்டித் தேஞ்ச பிரிண்டு.
கொட்டகையில என்ன சொல்லுவோம்,
படத்துல மழை பெய்யுதும்போமே, அந்த மழை.’
‘அல்லடா, மழை தன்னே.’
ஒரு மணி நேரம், சட்டம் சட்டமாக நகர்த்தினோம்.
கீறல் செங்குத்து, விட்ட இடத்திலேயே நிற்கும்.
இது சாய்ந்திருந்தது,
கணவாய்க்குள் புகுந்த காற்று சாய்க்கிற அதே சாய்வு.
ஒரு துளியும் அடுத்த சட்டத்தில் இல்லை.

அங்கேதான் பிடிபட்டது.
முன்னாலும் இல்லாமல் பின்னாலும் இல்லாமல்
ஒரே ஒரு சட்டத்தில் தலைகாட்டுவதெல்லாம் தூசு என்று
துலக்குகிற இயந்திரத்துக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள்.
அது ஒவ்வொரு துளியாய்ப் பொறுக்கி எடுத்திருக்கிறது,
பந்தியில் பாயசத்து ஏலக்காயைப் பொறுக்கும் பிள்ளைபோல.
குடையை அதற்குத் தெரியவில்லை.

‘மூணு கோடு கீறல்தான்’ என்றான் மசூது,
விட்டுக்கொடுக்காமல்.
சரி, மூன்று.

ஐந்தேகால் பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது.
எதை வைப்பது, எதை அழிப்பது?
பிரசன்னன் இரண்டையும் ஏற்றிக்கொண்டார்.
வெளியே சாரல் பிடித்திருந்தது.
டிஸ்க்கைப் பால் கவரில் சுற்றி, மேலே ரப்பர் போட்டு,
பெயர் மாற்றச் சொன்னார்.
அடித்தேன்:
மழை இல்லாதது, பெரிசு.
மழை உள்ளது, சின்னது.