கருதப்படும்

கெல்சன்கேர்ஷன் நிர்வாக நீதிமன்றத்தில்
ஒன்பது மணி வழக்குக்கு
எட்டு நாற்பதுக்கே போய்விட்டேன்.
மழை. ட்ராமில் குடையை மறந்துவிட்டு
பையை நெஞ்சோடு அணைத்தபடி.

கதவோரப் பட்டியலில்
அவன் பெயருக்குக் குறுக்கே நீல மையில் ஒரு கோடு.
அவன் பெயர் என்பதும் சரியில்லை.
இந்த நாட்டில் குடும்பப் பெயர் கேட்பார்கள்,
நாங்கள் தகப்பனை எழுதிக் கொடுப்போம்.
அரியநாயகம் என்றிருந்தது.
வங்காலையில் மாரடைப்பில் போய்ச் சேர்ந்து
பதினொரு வருடமான மனுசன்.
மஞ்சள் உறையில் கடிதம் போனது அவருக்குத்தான்.
ஒரு மாதமாகப் பதில் போடாதவரும் அவர்தான்.

எழுத்தர் திருமதி கோவால்ஸ்கி மன்னிப்புக் கேட்டார்.
உங்களுக்குச் சொல்ல மறந்துவிட்டோம்.
வழக்கை நடத்தச் சொல்லி எழுதினோம், தவணை முடிந்துவிட்டது.
மனுவை அவரே திரும்பப் பெற்றுக்கொண்டதாகக் கருதப்படும்.

கேட்க ஆளில்லை.
ஆனாலும் பழக்கதோஷம், வாய்க்குள் தமிழாக்கினேன்.
கருதப்படும்.
கருதுவது யார் என்று டொச் மொழியிலும் இல்லை,
தமிழிலும் இல்லை.
தமிழில் ஒரு ‘படு’ மட்டும் கூட இருக்கிறது.
அழைக்கப்பட, விசாரிக்கப்பட, தள்ளப்பட,
எதற்கும் ஒருத்தர் பட வேண்டியிருக்கிறது.
டொச்சுக்கு அந்தச் சிரமம் இல்லை.

நாலு வருடத்துக்கு முன் டோர்ட்முண்டில்
அவனுடைய முதல் விசாரணைக்கும் நான்தான் குரல்.
‘அவர் சொல்கிறார்’ என்று நாங்கள் சொல்லக்கூடாது,
‘நான்’ என்றே சொல்ல வேண்டும். அது விதி.
என்னைக் கூட்டிக்கொண்டு போனார்கள், என்றேன்.
என் கண்ணைக் கட்டினார்கள், என்றேன்.
எத்தனை பேர் என்று எனக்குத் தெரியாது, என்றேன்.
இடையில் அவன் தண்ணீர் கேட்டான்.
அதையும் ‘எனக்குத் தாகம்’ என்றேன்.
அதிகாரி தம்ளரை என் பக்கம் நகர்த்தினார்.

நடக்காத வழக்குக்கும் கூலி உண்டு.
படிவம் நீட்டினார்கள். மொழி: தமிழ்.
பேசிய நேரம் என்ற இடத்தில்
கொஞ்சம் யோசித்து
நானும் ஒரு கோடு போட்டேன்.

சனிக்கிழமை, எஸ்ஸனில் தமிழ்க் கடை.
வெண்டிக்காய்ப் பெட்டிக்கு அந்தப் பக்கம்
றெஜினோல்ட். தாடி வைத்திருந்தான்.
நுனி முறித்துப் பார்த்து
முறியாததைத் திரும்ப வைத்துக்கொண்டிருந்தான்.
வழக்காளியோடு தனியே பேசுவது எங்களுக்கு ஆகாது.
காயைப் பார்த்தபடியே சொன்னான்:

“மூண்டு தரம் சொல்லிட்டன் அக்கா.
நாலாந்தரம் கண்ணாடிக்கு முன்னால நிண்டு
சொல்லிப் பாத்தன்.
உங்கட குரல்தான் வந்தது.”

உள்ளேயிருந்து கடைக்காரர் கத்தினார்,
முற்றல் காய்க்கு இண்டைக்குத் தள்ளுபடி.

அவன்தான் முதலில் சிரித்தான்.

நாங்கள் சந்திக்கவில்லை
எனக் கருதப்படும்.