ஏழு எட்டாது

பிறந்த வருஷமா?
மூன்று வைத்திருந்தார்.
சங்கத்துக்கு ஒன்று, சம்பளம் கொடுப்பவனுக்கு ஒன்று,
எனக்குச் சொன்னது மூன்றாவது.
பிடித்ததை எழுதிக்கொள்ளுங்கள்.

டிராம்போனில் துளை கிடையாது.
குழலுக்குள் குழல்.
தள்ளினால் சுரம் இறங்கும், இழுத்தால் ஏறும்.
மொத்தம் ஏழு இடம்,
ஏழாவதற்குக் கை முழுக்க நீள வேண்டும்.
ஒனெசிமின் வலது முழங்கை
பதினோரு வயதில் அரிசி ஆலை பெல்ட்டில் மாட்டியது.
எலும்பு கூடியது, மடங்கினபடியே.
கை நீளம் என்று எங்கள் தெருவில்
யாரைப் பற்றியும் சொல்லிவிடலாம்,
இவரைத் தவிர.
வாய்க்கு எட்டியது கைக்கு எட்டவில்லை.

அதற்காக ஒரு பூட்ஸ் கயிறு.
ஒரு நுனி ஸ்லைடில், மறு நுனி மணிக்கட்டில்.
ஆறு வரைக்கும் பிடித்துப் போவார், பிறகு எறிவார்.
குழல் தானே போய் ஏழில் நிற்கும்
அரை நொடி,
நனைந்த மரப்பாலத்தில் பாரவண்டி ஏறுகிற மாதிரி
ஒரு அடிச்சுரம்.
சுண்டினால் திரும்பக் கைக்குள்.

ஞாயிறுகளில் நடன மண்டபத்தின் விளம்பர வண்டி.
டிராம்போன்காரன் எப்போதும் வால்பக்கம்,
பலகையை இறக்கிவிட்டுக் கால் தொங்கப்போட்டு;
உள்ளே உட்கார்ந்தால் கார்னெட்காரன் மண்டை உடையும்.
அன்றைக்கு ராம்பார்ட் தெரு முனையில்
எதிரே இன்னொரு குழு.
தோற்றவன் ஓடிவிடாதபடி
சக்கரத்தோடு சக்கரம் கட்டினார்கள்.
நான் சலவைக்கூடையோடு வேடிக்கை பார்த்தேன்.
கயிறு அறுந்தது.
பறந்து வந்த ஸ்லைடு
நீதிபதி வீட்டுச் சட்டைகள் ஒன்பதைச்
சேற்றில் தள்ளியது.
எடுத்துக்கொண்டு வீட்டுக்கு நடந்துவிட்டேன்.
மிச்சத்தை அவர் வெறும் வாயால் பாடி முடித்தாராம்.
தோற்றார்கள்.

செவ்வாய்க்கிழமை வந்து நின்றார்.
சட்டைக்கு நாலு சென்ட், முப்பத்தாறு என்றேன்.
வாரம் ஒன்பதாக நாலு வாரம்.
ஐந்தாம் வாரமும் வந்தார்.
கடன் இல்லை.

சிகாகோ. நீங்கள் கேட்க வந்தது அதுதானே.
சுவரிலிருந்து ஒரு தகரப் புனல்,
அதற்குள் வாசிக்க வேண்டும்.
பாஞ்சோவுக்கு முன்னால் இடம், இவருக்குக் கதவோரம்.
கயிறு சொடுக்குகிற சத்தம் மெழுகில் விழுகிறது,
அவிழ் என்றான் கண்ணாடிக்குப் பின்னால் நின்றவன்.
அவிழ்த்தார்.
மூன்றாம் சுற்றில் அந்த இடம் வந்தது,
எல்லோரும் நிறுத்தி வழிவிட்டார்கள்,
ஒன்றும் வரவில்லை.
மெழுகு விலை அதிகம், அதையே அச்சடித்தார்கள்.
ஆளுக்குப் பதினைந்து டாலர்.

அந்த வெற்றிடத்தைப் பற்றி
நாலு பக்கம் எழுதியிருக்கிறீர்கள்.
மேதைமை என்கிறீர்கள், துணிச்சல் என்கிறீர்கள்.
கயிறு, ஐயா.

மண்டபங்கள் மூடின.
அடகுக்கடைக்காரன் ஆறு டாலர் கொடுத்தான்.
அப்புறம் ஸ்டேட் தெருத் துணிக்கடையில் லிஃப்ட்,
பித்தளைப் பொத்தான் சட்டை, பத்தொன்பது வருஷம்.
நான் ஒரே ஒரு நாள்தான் ஏறினேன்.
மூன்று, தொப்பிகள்.
ஐந்து, மரச்சாமான்.
இரும்புக் கதவை இழுத்து, ஏழு, என்றார்.
அதே சுரம்.
காலடியில் பலகை அதிர்ந்தது,
கம்பளிக் கோட்டுக்காரி ஒருத்தி
குனிந்து தரையைப் பார்த்தாள்.
நான் இறங்கவில்லை.
ஏழில் எனக்கு வாங்க ஒன்றுமில்லை.
கீழே போய் மறுபடி மேலே வந்தேன்.

பெட்டியை மூடுமுன்
மணிக்கட்டில் புதுக் கயிறு ஒன்று கட்டினேன்.
பாதிரியார் பார்த்தார், கேட்கவில்லை.

ஒனெசிம் தோர்வில்.
இசைத்தட்டில் தார்வெல் என்று போட்டுவிட்டான்.
எழுத்துக் கூட்டிச் சொல்கிறேன்,
பென்சிலைச் சீவிக்கொள்ளுங்கள்.