கடிகாரத்தின் கீழே, பத்து மணி

சனி காலை பத்திலிருந்து ஞாயிறு இரவு எட்டுவரை
ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எண்பத்துநான்கு
என்று எழுதியிருக்கிறாள் போக்னா.
கோடு போட்ட தாள், மூன்று பக்கம், தபாலில்.
விளையாட்டென்றாலும் அவளுக்கு விதி வேண்டும்.
கைப்பேசி கூடாது.
காசை எண்ணித்தான் கொடுக்க வேண்டும்.
கிராஷினா உடனே கைப்பேசியில் கேட்டாள்:
"பிரஷர் மாத்திரை போடலாமா?
எண்பத்துநாலில் எனக்குப் பிரஷரே கிடையாதே."

ஊர் வூச்.
பெயருக்குப் படகு என்று பொருள்,
ஆறுகளையெல்லாம் தரைக்கடியில் விட்டு மூடிவிட்ட ஊர்.
இமையில் பஞ்சு ஒட்ட
மூன்று ஷிப்டும் நாங்கள் நூற்ற ஆலை
இன்று ஓட்டல்.
அறை பதிவு செய்வது என் பொறுப்பு,
கம்ப்யூட்டர் என்னிடம்தான் இருக்கிறது.

'அந்தக் காலம்' என்றொரு பேக்கேஜ்.
ஆரஞ்சு விளக்கு, பழுப்புத் திரை,
எண்ணைச் சுழற்றும் தொலைபேசி
(எந்த எண்ணைச் சுழற்றினாலும் வரவேற்பறைதான் எடுக்குமாம்).
சின்ன ஃபியட்டில் முழங்கால் தாடையில் முட்ட
ஊர் சுற்றல் ஒரு மணி நேரம்.
இறைச்சிக்கான பங்கீட்டுச் சீட்டு,
சட்டம் போட்டு, எண்பது ஸ்வோட்டி.
நான் கிழிக்கக் கொடுத்த சீட்டையெல்லாம்
சட்டம் போட்டிருந்தால்
என் வீட்டுச் சுவர் போதாது.

வேண்டாம் என்றேன் ஃபியட்டை.
பால் பாரில் மதியச் சாப்பாடு, சரி.
கோதுமை ரவை போல ஒரு கஞ்சி வருமே,
நடுவில் குழி, குழியில் வெண்ணெய்,
அதற்கு நான் என்றைக்கும் தயார்.
இரவு நடனம் வேண்டுமென்றாள் கிராஷினா,
எட்டரைக்கெல்லாம் தூங்கிவிடுகிறவள்.

மூன்றாம் தாளின் அடியில், இடமில்லாமல் நெருக்கி:
'சந்திப்பது ஸ்டேஷன் கடிகாரத்தின் கீழே, பழையபடி.
மிர்காவுக்கும் எழுதியிருக்கிறேன்.'

மிர்கா.
நவம்பரில் ஒரு சனிக்கிழமை
அதே கடிகாரத்தின் கீழே
நாங்கள் மூவர் நின்றோம், நான்கு சினிமா டிக்கெட்டோடு.
பத்து நிமிடம் திட்டினோம்.
ஒரு மணி நேரம் பயந்தோம்.
அப்புறம் குளிர் மட்டும்தான்.
கடைசி ரயிலும் போனபின்
அவள் டிக்கெட்டை கிராஷினா
கையுறைக்குள் மடித்து வைத்தாள்.
ஸ்வீடன் கப்பல் என்று வசந்தத்தில் தெரிந்தது.
சொல்லாமல் போனது எங்களைக் காப்பாற்றத்தான் என்று
போக்னா அன்றைக்கே சொன்னாள்.
எனக்கு அது புரிய
ஏழெட்டு வருடம் ஆயிற்று.
புரிந்ததென்று சொல்ல
முகவரி இல்லை.

இப்போது மால்மோ முகவரி எப்படியோ கிடைத்து
ஒரு தபால் அட்டை போட்டிருக்கிறாள்.
நாள், மணி, 'கடிகாரத்தின் கீழே'. அவ்வளவுதான்.
தொலைபேசி எண் கூட எழுதவில்லை,
விதி என்றால் விதி.
பதில் வரவில்லை.

போக்னா,
நீ மறந்தது ஒன்று:
அந்த ஸ்டேஷனை இடித்துவிட்டார்கள்.
ஆறுகளைப் போல ரயிலும் இப்போது தரைக்கடியில்.
கண்ணாடிக் கூரை, நகரும் படிகள்,
தூணுக்குத் தூண் எண்களில் மின்னும் நேரம்.
எந்தக் கடிகாரத்தின் கீழே
அவள் வந்து நிற்பாள்?

ஆளுக்கொரு வாசல் என்று பிரித்துக்கொள்ளலாம்,
ஆனால் கைப்பேசி இல்லாமல்
அவள் வந்ததை ஒருத்தி மற்றவளுக்கு
எப்படிச் சொல்வது? கத்தியா?
கத்தலாம் என்கிறாள் கிராஷினா.
தறிச் சத்தத்தையே தாண்டிய தொண்டை அது.

எவ்வளவு நேரம் நிற்பது என்பதை
மூன்று தாளில் எங்குமே எழுதவில்லை போக்னா.
நானும் கேட்கவில்லை.

திரையில் ஒரு கட்டம் துடிக்கிறது:
எத்தனை படுக்கை?
நான்கு என்று அடித்தேன்.
வியாழன் நள்ளிரவுவரை
ஒன்றைக் கட்டணமில்லாமல் ரத்து செய்யலாம் என்கிறது.
இன்று செவ்வாய்.
தபால்காரர் பதினொன்றுக்கு வருவார்.