இருபத்திரண்டு விநாடி இருட்டு

மொத்தம் பதினோராயிரம் வெள்ளி.
நாலாயிரம் கேமரா வாடகைக்குப் போனது,
மீதியைப் பிரியாணிப் பொட்டலமாகத் தின்றீர்கள்
என்று யோகினி இன்றும் கணக்குச் சொல்வாள்.

கதை இதுதான்:
எல்லையூரில் ஒருவன். தேடுகிறார்கள். ஓடுகிறான்.
ஏன் தேடுகிறார்கள் என்பது
மூன்றாம் வரைவில் இருந்தது,
நாலாம் வரைவில் இல்லை.

சோதனைச் சாவடிப் பக்கம் கேமராவைத் தூக்கவே கூடாது.
ஆகவே மார்சிலிங்கில் ஒரு கார்நிறுத்த மாடி,
இரவு ஒரு மணி.
துணி காயப்போடும் மூங்கில் கழிக்குச்
சிவப்பு வெள்ளை நாடா சுற்றினோம்.
தேசத்தின் எல்லை தயார்.
காற்றடித்தால் உருண்டு போகும்,
போய்ப் பிடித்து வருவது என் வேலை.
மற்ற நேரம் ஒலிப்பதிவு.
பகலில் ஏர்கான் சர்வீஸ்.

ஓடுகிறவன் லிங்கேஸ்.
ஜோகூர்க்காரன். தினமும் விடிகாலை
மோட்டார் சைக்கிளில் பாலம் தாண்டி வருகிறவன்.
"ஓடத் தெரியாதுண்ணே,
வரிசையில நிக்கத்தான் தெரியும்."
ரோஸ் சிரப்பில் சோளமாவு குழைத்து
நெற்றியில் ரத்தம் வைத்தோம்.
மூன்றாம் டேக்குக்குள் எறும்பு வந்துவிட்டது.

ஏழாவது டேக். எதிர் புளோக், ஒன்பதாம் மாடி, நீள நடைவழி.
துரத்தும் மூவரில் ஒருவனுக்கு மூச்சிரைப்பு,
இன்னொருவன் பாதியில் நின்று
தான் சாய்த்த பூந்தொட்டியை நிமிர்த்தினான்.
"கட்" என்றாள் யோகினி. யாருக்கும் கேட்கவில்லை.

அப்போது ஒரு கதவு திறந்தது.
சாரம் கட்டிய மனிதர்.
கம்பிக் கதவைத் தள்ளி
லிங்கேஸின் சட்டையைப் பிடித்து
உள்ளே இழுத்தார்.
விளக்கு அணைந்தது.

கேமராவில் வெற்று நடைவழி.
பிறகு அதுவும் இல்லை, பேட்டரி செத்தது.
அவன் சட்டைக்குள் என் மைக் மட்டும் உயிரோடு.

ஹெட்போனில் கேட்டேன்:
இரண்டு மூச்சு.
ஒன்று ஓடி வந்தது, மற்றது பயந்தது.
சுவர்க் கடிகாரம்.
கூண்டுக்குள் ஏதோ சிறகு மாற்றி உட்கார்ந்தது.
"டியாம்," என்றார் அவர், "டியாம்."
பிறகு தண்ணீர். குவளை பல்லில் இடிக்கும் ஓசை.
யார் நீ என்று கேட்கவில்லை.
என்ன செய்தாய் என்றும்.
எங்கள் மூன்றாம் வரைவு அவருக்குத் தேவைப்படவில்லை.

இது படம், அபாங்,
என்று லிங்கேஸ் சொல்லியிருக்கலாம்.
பிறகு கேட்டேன். காலைப் பார்த்தபடி சொன்னான்:
"வாய் வரலண்ணே. அந்த ரெண்டு நிமிஷம்
நெசமாவே யாரோ என்னத் தேடுறாங்கன்னு இருந்துச்சு."

கதவைத் தட்டி யோகினி மன்னிப்புக் கேட்டாள்.
அவர் லிங்கேஸின் நெற்றியைத் தொட்டு
விரலை முகர்ந்தார்.
சிரிப்பார் என்று நினைத்தோம்.
குவளையை வாங்கிக்கொண்டு கதவைச் சாத்தினார்.

ஒரு வாரம் கழித்து
ஒப்புதல் தாளோடு போனபோது கையெழுத்திட்டார்.
பெயர் போட வேண்டாம் என்றார்.
வேண்டுமானால் பறவைக்குப் போடுங்கள்.
நன்றி வரிசையின் கடைசியில் இருக்கிறது: மெர்போக்.

சமூக மன்றத்தில் திரையிட்டோம், நாற்பத்து மூன்று பேர்.
அந்த இடத்தில் இருபத்திரண்டு விநாடி
படமே கிடையாது, கறுப்பு.
புரொஜெக்டர் போச்சு என்று ஒருவர் எழுந்தார்.
பின்வரிசையில் ஒரு குழந்தை
அம்மா தண்ணி என்றது.

படப்பிடிப்பு முடிந்த விடிகாலை
உலகமே இந்தப் பக்கம் வர
லிங்கேஸ் அந்தப் பக்கம் போனான்.
விரலில் சிரப் பிசுபிசுத்ததாம்.
கட்டைவிரலை வைத்தான், இயந்திரம் ஏற்கவில்லை.
மறுபடி வைத்தான்.
அதிகாரி நிமிர்ந்து பார்த்தார்,
நெற்றியையும்.

"என்னடா பண்ணின?"

"திரும்பிப் பாத்தேண்ணே,
கதவு ஏதாச்சும் இருக்கான்னு."