நாற்பத்திரண்டு டிகிரியில் ஒரு கொண்டை

ஆகஸ்டில், பகல் மூன்று மணிக்கு,
பேஜாவில் நாய்கூடத் தெருவைக் கடக்காது.
அந்த மூன்று மணிக்குத்தான்
ஒலிம்பியாவுக்குத் தேவாலயம் கிடைத்தது.
மாப்பிள்ளைக்கு லக்ஸம்பர்க்கில் கட்டட வேலை.
அங்கே விடுப்பென்று ஒன்று விடுவதே
இங்கே ஊர் வேகிற மாதத்தில்.

என் கடையில் இரண்டு நாற்காலி,
கழுத்துத் திரும்பாத ஒரு மின்விசிறி.
ஒத்திகை பார்க்க வந்தவள்
செல்போனில் படங்கள் காட்டினாள்.
எல்லாம் கடற்கரைப் பெண்கள்,
எல்லோருக்கும் காற்று
பக்கவாட்டிலிருந்து அளவாக வீசியது.
எங்கள் ஊரில் காற்று வராது.
வந்தால், யாரோ அடுப்பு ஊதுகிறார்கள் என்று அர்த்தம்.

முதலில் அவிழ்த்துவிட்ட அலைகள்.
அவள் காபி குடித்து முடிப்பதற்குள்
வெந்த கீரையாய்ப் பிடரியில் ஒட்டிக்கொண்டன.
அடுத்து, தோளில் விழும் தடித்த பின்னல்.
வெந்நீர்ப் பையைச் சுமப்பதுபோல் இருக்கிறதென்றாள்.
அத்தை கொடுத்தனுப்பிய மெழுகு ஆரஞ்சுப் பூக்கள்
என் விரல் சூட்டுக்கே தலை கவிழ்ந்தன.

கொண்டைதான், என்றேன்.
அள்ளி, தூக்கி, முழுக் கழுத்தும் தெரிய.

அவள் கை காதுக்குப் போயிற்று.

பதினெட்டு வருடமாக இந்தத் தலையை வெட்டுகிறேன்.
அந்தக் காதுகளை வெளிச்சத்தில் பார்த்தது
நானும் இந்தக் கண்ணாடியும்தான்.
பெரியவை. நுனியில் கொஞ்சம் மடிந்தவை.
குடத்தைத் தூக்கலாம்போல் இருப்பவை.
அசிங்கமென்று ஊரில் ஒருவரும் சொன்னதில்லை.
'அப்படியே அடெலினோ' என்றார்கள்.
அதுதான்.

அடெலினோ அறுவடை இயந்திரம் ஓட்டினான்.
ஒரு கோடையில் எல்லை தாண்டி
ஸ்பெயின் வயல்களுக்குப் போனான்.
இயந்திரம் திரும்பி வந்தது.

"அப்பாவுக்கு அழைப்பிதழ் அனுப்பவில்லை,"
என்றாள், என்னிடமில்லை, கண்ணாடியிடம்.
"கொண்டை போட்டால்
அழைக்காமலே வந்துவிடுவார்,
இந்தப் பக்கம் ஒருவர், அந்தப் பக்கம் ஒருவர்."

நான் ஒன்றும் சொல்லவில்லை.
என் வாயில் ஆறு கொண்டை ஊசிகள்.
எங்கள் தொழிலில் இது ஒரு சௌகரியம்:
பேசவேண்டிய நேரத்தில்
வாய் நிறைந்திருக்கும்.

விசிறி அவள் வலது தோளுக்கு மட்டும் வீசிக்கொண்டிருந்தது.
வெகு நேரம் கழித்துக் கேட்டாள்:
"ஒரு காதை மட்டும் மறைக்க முடியுமா?"
முடியும். உச்சியைத் தள்ளி எடுத்து
ஒரு கற்றையை வளைத்து இறக்கினால் போதும்.
எந்தக் காது?
"இடது.
அம்மா உட்காரும் பக்கம்."

திருமண நாளில் நாற்பத்திரண்டு டிகிரி.
இருபத்தெட்டு ஊசிகள்,
ஈரத்தோடு முறுக்கிய தாழ்ந்த கொண்டை,
இடது காதின்மேல் அந்த ஒற்றைக் கற்றை.
அதற்கு மட்டும் நாற்பது நிமிடம் ஆயிற்று எனக்கு.
கைப்பையில் உபரி ஊசிகளோடு
கடைசித் தூணருகே நின்றேன்.
சாய்ந்தால் தூணும் சுட்டது.

சமாதானம் பகிரும் நேரம்.
எல்லோரும் பக்கத்திலிருப்பவரைத் தேட,
டெல்மிரா எழுந்து மகளிடம் போனாள்.
முத்தமிட வேண்டியவள்
ஒரு கணம் முகத்தையே பார்த்தாள்.
வியர்வையில் கன்னத்தோடு ஒட்டிய கற்றையை
சுண்டு விரலால் எடுத்து
காதுக்குப் பின்னால் செருகினாள்,
பள்ளிக்கு அனுப்புகிற அவசரத்தில்
செருகுவதுபோல.
பிறகு கையிலிருந்த விசிறியால்
அந்தக் காதுக்கு வீசினாள்,
மூன்று முறை, நான்கு முறை,
பாதிரியார் காத்திருக்க.

என் நாற்பது நிமிடம்.
கோபம் வந்தது எனக்கு, கொஞ்சம்.

புகைப்படங்கள் வந்துவிட்டன.
ஒன்றைக் கடைச் சுவரில் ஒட்டியிருக்கிறேன்.
இரண்டு காதும் தெரிகின்றன,
தக்காளிச் சிவப்பாய்.
கொண்டை அசையவில்லை.