முப்பத்தேழு விழுக்காடு

யீஷூன். ஒன்பதாம் மாடி. இரவு இரண்டரை.
நகக்கண் அளவுச் சில்லு
பாட்டுக்கு அடியில் ஒரு கொசுவை வளர்க்கிறது.

சிம் லிம் டவரில் குவெக் எண்ணித் தந்த
மின்தேக்கிகளை மாற்றினேன்.
படிகத்தை மாற்றினேன்.
கேபிளைக் குட்டையாக்கினேன்.
ஈயப்புகைக்கு இருமினேன்;
அடுத்த அறையில் ரஞ்சினி புரண்டு படுத்தாள்.
உங்களுக்கு மட்டும்தான் கேட்கிறது என்பாள்.

கொசு போகவில்லை.
மௌஸை அசைத்தால் கூடவே கீச்சிட்டது.

கடைசியில், கைப்பேசிக்கு ஒரு பிளக் வேண்டுமென்று
மடிக்கணினியின் சார்ஜரைப் பிடுங்கினேன்.

நின்றது.

வயலின்காரி தாள் புரட்டுவதுகூடக் கேட்டது.

சில்லின்மேல் தப்பில்லை, எல்லாம் சுவரிலிருந்து வந்தது.
மூன்று வாரமாக அதைத்தான் திட்டிக்கொண்டிருந்தேன்.

திரை மூலையில்
முப்பத்தேழு விழுக்காடு.
அவ்வளவுதான் அமைதி.

ரஞ்சினியை எழுப்பலாமா?

முப்பத்தாறு.