பெயர் பொருந்தவில்லை

நைஃப் சாலை டைப்பிங் சென்டர்,
மதியம் இரண்டு மணி.
பழைய விசாவில் எர்மெக் தொக்தோசுனோவ்,
புதுப் பாஸ்போர்ட்டில் எர்மெக் தொக்தோசுன் உலு.
ஒரே ஆள் என்பதைக்
கணினி ஒப்பவில்லை.

"ஓவ், ரஷ்யன் ஒட்டிவிட்டது.
நாடு தனியாகப் போய் முப்பது வருடம் கழித்துத்தான்
எனக்குக் கழற்றத் தோன்றியது.
உலு என்றால் மகன்."

திருத்த நூற்றிருபது திர்ஹம் என்றேன்.
அஜீன், த்வா, த்ரீ என்று
பத்துப் பத்தாய் எண்ணிக்கொண்டே வந்தவன்
சட்டென்று நிறுத்தி
கிர்கிஸில் மறுபடி தொடங்கினான்:
பிர், எகி, உச்...

இந்த முறை
ஒரு தாள் குறைந்தது.

இருவரும் மேஜைக்கடியில் தேடிக்கொண்டிருக்க
உள்ளறையிலிருந்து மானேஜர் குரல்:
"மிஸ்டர் மாசிலாமணி!"

செத்துப் பதினோரு வருடமான அப்பாவுக்காக
நான் எழுந்து போனேன்.